மக்கா, படம் பார்ப்பதை நீ விட வேண்டாம்

தக்கலை,
ஆனி 10

அன்புள்ள மக்கா,

உன் கடிதம் திங்கட்கிழமை வந்தது. பம்பாயில் மகன் வீட்டில் எல்லோரும் கூடத்தில் உட்கார்ந்து படம் பார்க்கும்போது நீ மட்டும் எழுந்து உன் அறைக்குப் போய்விடுகிறாய் என்று எழுதியிருந்தாய். அந்த வரியைத் தாண்டி என்னால் மேலே படிக்க முடியவில்லை. நாகர்கோவிலில் இரண்டாம் ஆட்டம் பார்த்துவிட்டு, பஸ் இல்லாமல் வில்லுக்குறி வழியாக நடந்தே ஊர் வந்து சேர்ந்தவர்கள் நாம். வழி முழுக்க வசனத்தை அப்படியே சொல்லிக்கொண்டு வந்தவன் நீ. அப்படிப்பட்டவன் படமே வேண்டாம் என்று முடிவெடுப்பதை நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். ஊர்ச் செய்தி கடைசியில் வரட்டும். முதலில் இதைப் பேசிவிடுகிறேன்.

"சத்தம் கேட்கிறது, சொல் பிடிபடவில்லை" என்கிறாய். உன் மதினிக்கும் இதே குறைதான். நாகர்கோவிலில் காது மருத்துவர் பொறுமையாக விளக்கினார். வயதோடு கேட்கும் திறன் குறையும்போது முதலில் போவது உயர்ந்த சுருதி ஒலிகள்தாம். அ, ஆ, ஓ எல்லாம் தாழ்ந்த சுருதியில் உரக்க வரும், அவை காதில் விழுந்துவிடும். ச, த, க போன்றவை மெலிதாகவும் உயர்ந்த சுருதியிலும் வருவதால் நழுவிவிடும். ஒரு சொல்லை இன்னொன்றிலிருந்து பிரித்துக் காட்டுவதே அவைதாம். அதனால்தான் உன் மருமகள் ஒலியைக் கூட்டி வைத்தும் பயனில்லை. போதாக்குறைக்கு இப்போதைய மெல்லிய டிவிகளில் ஸ்பீக்கர் பெரும்பாலும் கீழ் நோக்கியோ பின் நோக்கியோ இருக்கிறது. வசனம் சுவரில் பட்டுக் கலங்கித்தான் வருகிறது.

மகன் உனக்குத் தந்த பழைய லேப்டாப்பை எடுத்து மேசையில் வை. ஒரு நல்ல ஹெட்போன் வாங்கு. உனக்கு இடது காது மிகவும் மோசம் என்றாய் அல்லவா? படத்தின் ஒலி இடம், வலம் என்று பிரிந்து வரும். இடப்பக்கம் வருவதை நீ முழுதாக இழக்கிறாய். விண்டோஸில் செட்டிங்ஸ் திறந்து, ஆக்சஸிபிலிட்டி என்ற பகுதியில் ஆடியோவுக்குள் போனால் 'மோனோ ஆடியோ' என்று இருக்கும். அதைப் போட்டுவிட்டால் இரு பக்க ஒலியும் ஒன்றாகி, இரு காதுக்கும் ஒரே மாதிரி வரும். இதைச் செய்து கொடுத்த அன்று உன் மதினி ஹெட்போனைக் கழற்றவே இல்லை.

அடுத்தது நிறுத்துவதும் பின்னால் போவதும். நெட்ஃபிளிக்ஸில் ஸ்பேஸ் பட்டனைத் தட்டினால் படம் நிற்கும், இடது அம்புக்குறியைத் தட்டினால் 10 நொடி பின்னால் போகும். யூடியூப்பில் அதே வேலையை கே, ஜே என்ற இரண்டு எழுத்துகள் செய்யும். டிவியிலும் இதெல்லாம் முடியும், ஆனால் நாலு பேர் கூடியிருக்கும் இடத்தில் ஒரு வசனத்துக்காக எத்தனை முறை ரிமோட்டைக் கேட்பாய்? மேசையில் உட்கார்ந்தால் புத்தகம் படிப்பதைப் போல உன் போக்கில் பார்க்கலாம். வேகமாகப் பேசுகிறார்கள் என்றால் வேகத்தை முக்கால் பங்காகக் குறைத்துக்கொள்ளவும் வழி இருக்கிறது. குரல் கெடாது, நிதானமாகிவிடும்.

சப்டைட்டில் எழுத்து பொடியாக இருக்கிறது என்று குறைப்பட்டிருந்தாய். நெட்ஃபிளிக்ஸ் கணக்கின் அமைப்புக்குள் சப்டைட்டில் தோற்றம் என்று ஒரு பகுதி உண்டு. எழுத்தைப் பெரிதாக்கு, பின்னால் கறுப்புப் பட்டை போடு. வெள்ளைச் சுவரின் மேல் வெள்ளை எழுத்து காணாமல் போகும் தொல்லை அதோடு தீர்ந்தது.

மகனிடம் கேட்க வேண்டியது ஒன்று இருக்கிறது. வீட்டில் இருப்பது எந்தத் திட்டம்? நெட்ஃபிளிக்ஸ் 2021 டிசம்பரில் இங்கே விலை குறைத்தபோது வைத்த 149 ரூபாய்த் திட்டம் கைபேசிக்கும் டேப்லெட்டுக்கும் மட்டுமே, கணினியில் ஓடாது. 199 ரூபாய்த் திட்டம் கணினியில் ஓடும், ஆனால் ஒரே நேரத்தில் ஒரு திரைதான். கூடத்தில் அவர்கள் பார்க்கும்போது உனக்குக் கிடைக்காது. 499 என்றால் இரண்டு திரை. கேட்கத் தயங்காதே. உன் பிள்ளைதானே!

இணைய வேகம் பற்றிக் கவலை வேண்டாம். முழு எச்டி படத்துக்கு நொடிக்கு 5 மெகாபிட் இருந்தால் போதும் என்று நெட்ஃபிளிக்ஸ் நிறுவனமே சொல்கிறது. பம்பாயில் அது எங்கும் கிடைக்கும். இங்கேதான், காற்றில் ரப்பர் மரக் கிளை ஒடிந்து கம்பியில் விழுந்தால் மின்சாரமும் இணையமும் சேர்ந்து போகின்றன. லேப்டாப்பில் பேட்டரி இருக்கிறது, ரூட்டருக்கு ஒரு சின்ன யுபிஎஸ் வாங்கி வைத்திருக்கிறேன்.

ரயிலில் பார்க்கப் படத்தை லேப்டாப்பில் இறக்கி வைக்கலாமா என்று கேட்டாய். நெட்ஃபிளிக்ஸ் 2024-இல் விண்டோஸ் செயலியை மாற்றியபோது அந்த வசதியை எடுத்துவிட்டது. கைபேசியில் இறக்கிக்கொள். பேத்தி வீடியோ அழைப்பில் படத்தை உனக்குக் காட்ட முயன்றபோது திரை கறுத்துப் போனதற்கும் காரணம் இருக்கிறது. படம் பூட்டுப் போட்டுத்தான் நம் கணினிக்கு வருகிறது. குரோம் பிரவுசரில் வைட்வைன், விண்டோஸில் பிளேரெடி, ஆப்பிளில் ஃபேர்பிளே என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு பூட்டு. திரையை யாரும் பதிவு செய்யாமல் காக்கவே அந்தக் கறுப்பு. கணினியில் கோளாறு ஒன்றும் இல்லை என்று குழந்தையிடம் சொல்.

இனி, என்னை உறுத்திக்கொண்டே இருக்கும் ஒரு விஷயம். நம் தமிழ்ப் படங்கள் பலவற்றுக்கு ஆங்கிலத்தில் சப்டைட்டில் இருக்கிறது, தமிழில் இல்லை. தமிழ்ப் படத்துக்குத் தமிழில் எதற்கு என்று நினைக்கிறார்கள் போலும். உன் மதினி பத்தாம் வகுப்பு வரை தமிழ் வழியில் படித்தவள். ஆங்கில வரியைக் கூட்டிப் படிப்பதற்குள் காட்சி மாறிவிடுகிறது. நம் ஒழுகினசேரிக்காரர் என்.எஸ். கிருஷ்ணனை எடுத்துக்கொள். அவருடைய சிரிப்பு முழுக்கச் சொல் விழுகிற இடத்தில்தான் இருந்தது. அதை ஆங்கிலத்தில் படித்து யார் சிரிப்பார்கள்? காது மங்கியவர்களுக்கு வசனம் மட்டும் போதாது. கதவு தட்டப்படுகிறது, தூரத்தில் இடி முழங்குகிறது என்றெல்லாம் எழுதிக் காட்ட வேண்டும்.

இது சலுகை கேட்பது ஆகாது. அமெரிக்காவில் காது கேளாதோர் தேசியச் சங்கம் நெட்ஃபிளிக்ஸ் மேல் வழக்குப் போட்டது. இணையத்தில் மட்டும் நடக்கும் தொழிலுக்கு மாற்றுத்திறனாளிகள் சட்டம் பொருந்தாது என்று நிறுவனம் வாதாடியது, நீதிமன்றம் ஏற்கவில்லை. 2012-இல் இரு தரப்பும் உடன்பட்டு, 2014-க்குள் எல்லாப் படத்துக்கும் எழுத்து வரி என்று முடிவாயிற்று. இங்கேயும் 2024 மார்ச்சில் தகவல் ஒலிபரப்பு அமைச்சகம் திரையரங்குகளுக்கு இப்படியொரு வழிகாட்டு நெறியை வெளியிட்டது. ஆகவே நான் சும்மா இருப்பதில்லை. தமிழ் வரி இல்லாத படத்தைப் பார்க்கும்போதெல்லாம் அந்தந்தச் சேவைக்கு எழுதிப் போடுகிறேன். நீயும் எழுது. உன் தமிழ் என்னுடையதைவிட நன்றாக இருக்கும்.

ஊர்ச் செய்தி: மழை நன்றாகப் பிடித்துவிட்டது. பேச்சிப்பாறை அணையில் தண்ணீர் திறந்து கன்னிப்பூ நெல் நடவு முடிந்தது. ரப்பர் வெட்டு அடிக்கடி நிற்கிறது, கூலிக்குப் போகிறவர்கள் பாடு கஷ்டம். உங்கள் பழைய வீட்டுப் பிலாவில் இந்த வருஷம் சக்கை நிறைய. இப்போது குடியிருப்பவர்கள் எனக்கும் ஒன்று கொடுத்துவிட்டார்கள். ஆவணியில் மார்த்தாண்டத்தில் நம் வகுப்புத் தோழன் மகளுக்குக் கல்யாணம். உனக்கும் அழைப்பு வரும், ஓணத்தோடு சேர்த்து வந்துவிடு.

வருகிற சனிக்கிழமை இரவு 8 மணிக்கு நீ அங்கே லேப்டாப்பின் முன்னால் உட்கார், நாங்கள் இருவரும் இங்கே உட்காருகிறோம். ஒரே படத்தை ஒரே நேரத்தில் தொடங்குவோம். போனில் பேச வேண்டாம், உனக்குச் சிரமம். தோன்றுவதை வாட்ஸ்அப்பில் எழுது, நிறுத்திவிட்டுப் படிக்கிறோம். படத்தை நீயே தேர்ந்தெடு. மலையாளமாக இருந்தாலும் சரி, தமிழில் வரி இருக்கிறதா என்று மட்டும் பார்த்துக்கொள். பெயரை வெள்ளிக்கிழமைக்குள் அனுப்பிவிடு.

என்றும் உன்,
தக்கலைக்காரன்