வேலிச்செடியில் கத்தி வைக்கும் முன்: பூங்காப் பிரிவினருக்கும் குடியிருப்போர் சங்கங்களுக்கும் ஒரு திறந்த மடல்

மாநகராட்சி, நகராட்சிப் பூங்காப் பிரிவு அலுவலர்களுக்கும் குடியிருப்போர் நலச் சங்கப் பொறுப்பாளர்களுக்கும் வணக்கம்.

வேலிச்செடிகளைக் கழிக்கும் மாதத்தை மாற்றுங்கள். மாற்ற முடியாத இடத்தில், வெட்டுவதற்கு முன் அன்று காலையில் கால்மணி நேரம் நின்று பாருங்கள். இதைக் கேட்கத்தான் எழுதுகிறோம். கேட்பது சின்னான்களுக்காக. ஊர்ப்பக்கம் கொண்டைக்குருவி என்று சொல்கிறார்களே, அதே பறவை. இட்லிப்பூ, செம்பருத்தி, மருதாணி என்று நீங்கள் வரிசையாக நட்டு வளர்க்கும் வேலிக்குள்தான் அது கூடு கட்டுகிறது. கட்டுகிற உயரமும் பெரும்பாலும் இடுப்பளவிலிருந்து ஆளுயரத்துக்குச் சற்று மேல்வரை. கத்தரி ஓடுகிற உயரமும் அதுவே.

முதலில் ஆளை அடையாளம் தெரிந்துகொள்ள வேண்டும். தமிழ்நாட்டு ஊர்ப்புறங்களில் பார்க்கக் கிடைப்பவை பெரும்பாலும் இரண்டு வகை. இரண்டும் ஏறக்குறைய 20 செ.மீ. நீளம், மைனாவைவிடச் சற்றுச் சிறியவை. இரண்டுக்கும் வாலடியில் சிவப்பு உண்டு. அந்தச் சிவப்பை மட்டும் பார்த்துப் பெயர் சொல்பவர்கள்தான் அதிகம் தவறுகிறார்கள். பார்க்க வேண்டியது முகத்தையும் முதுகின் கடைசிப் பகுதியையும்.

செம்மீசைச் சின்னானுக்குக் கொண்டை கருப்பாக, கூராக நிமிர்ந்து நிற்கும். கன்னம் வெள்ளை. கண்ணுக்குப் பின்னால் சின்னதாக ஒரு சிவப்புத் திட்டு, கன்னத்தின் கீழ் விளிம்பில் மெல்லிய கருங்கோடு. வயிறு வெளுப்பு, மார்பின் இரு பக்கத்திலிருந்தும் கரும்பட்டை ஒன்று உள்நோக்கி வரும். செங்குதச் சின்னானின் தலை கரி பூசியது போல முழுக்கக் கருமை. கொண்டை குட்டை, பல நேரம் படிந்தே கிடக்கும். உடலில் செதில் செதிலாகப் பழுப்பு. பறந்து விலகும்போது வாலுக்கு மேலே வெள்ளைத் திட்டு பளிச்சென்று தெரியும். அது தெரிந்துவிட்டால் சந்தேகமே வேண்டாம்.

படத்தோடு ஒப்பிடுபவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. செம்மீசைச் சின்னானின் வால் நுனி வெள்ளை என்று பல படங்களில் இருக்கும். தென்னிந்தியாவில் வாழும் உள்ளினத்துக்கு அந்த வெள்ளை கிடையாது. மார்புப் பட்டையும் இங்கே கிட்டத்தட்ட முழுமையாக இருக்கும். ஆகவே நம் ஊரில் வால் நுனி வெளுத்த சின்னானைக் கண்டால் செங்குதமா என்று பாருங்கள். இளம்பறவைக்குக் கன்னச் சிவப்பு இருக்காது; வாலடியும் வெளிறிய செம்மஞ்சளாக இருக்கும். ‘புதுப் பறவை’ என்று புலனக் குழுக்களில் சுற்றும் படங்களில் கணிசமானவை இந்தக் குஞ்சுகள்தாம். கொண்டை பெரிதாக இருப்பது ஆண், சிறியது பெண் என்ற பேச்சுக்கும் ஆதாரமில்லை. ஆணும் பெண்ணும் பார்வைக்கு ஒன்றே.

மூன்றாவது ஒன்று உண்டு, வெண்புருவச் சின்னான். கொண்டையும் இல்லை, சிவப்பும் இல்லை; மங்கலான பச்சைப்பழுப்பு உடல், வெள்ளைப் புருவம். புதருக்குள்ளேயே இருந்துகொண்டு திடீரென்று உரத்த குரலில் படபடவெனக் கொட்டிவிட்டு அடங்கிவிடும். வறண்ட ஊர்களின் முள்வேலிகளில் கேட்கலாம்.

இனப்பெருக்கக் காலம் தவிர மற்ற நாள்களில் சின்னான்கள் கூட்டமாகத் திரியும். ஆலோ அத்தியோ பழுத்துவிட்டால் ஒரே மரத்தில் பத்து இருபது சேர்ந்துவிடும், மைனாவும் குக்குறுவானும் உடன் இருக்கும். செம்மீசைச் சின்னான்கள் இரவில் நூறு வரை ஒரே இடத்தில் கூடி அடைவதும் உண்டு. பூனையோ பாம்போ ஆந்தையோ தென்பட்டால் முதலில் குரல் எழுப்புவதும் பெரும்பாலும் இவைதாம். ஒன்று கத்தினால் அக்கம்பக்கத்துச் சின்னான்கள் எல்லாம் வந்து சேரும். கூடு கட்டும் காலத்தில் மட்டும் இணை இணையாகப் பிரிந்துகொள்ளும்.

உணவு பழமே பிரதானம். நம் உடலைப் போலவே செங்குதச் சின்னானின் உடலும் வைட்டமின் சி-யைத் தானாகத் தயாரித்துக்கொள்ளாது. தின்பதிலிருந்துதான் கிடைத்தாக வேண்டும். ஆனால் குஞ்சுகளின் கதை வேறு. முதல் சில நாள்களுக்கு அவற்றுக்குக் கம்பளிப்புழுவும் சிறு பூச்சிகளும்தான் ஊட்டப்படும், வளர வளரத்தான் பழம். வேலிச்செடிக்குப் பூச்சிமருந்து அடித்தால் கூட்டில் கை வைக்காமலேயே குஞ்சுகளைப் பட்டினி போட்டதாகும். இலையில் நாலு ஓட்டை இருப்பது செடிக்குப் பெரிய கேடில்லை, விட்டுவிடலாம்.

இனி நாள்கணக்கு. தென்னிந்தியாவில் செம்மீசைச் சின்னான் முக்கியமாக டிசம்பர் முதல் மே வரை குஞ்சு பொரிக்கிறது. செங்குதச் சின்னான் கோடையில் தொடங்கி மழையை ஒட்டி செப்டம்பர் வரைகூடப் போகும். ஈட்டுக்கு 2 அல்லது 3 முட்டை. வெளிறிய இளஞ்சிவப்பு அல்லது ஊதா நிறத்தில், அடர்ந்த புள்ளிகளோடு இருக்கும். அடைகாப்பு 12 முதல் 14 நாள். குஞ்சு கூட்டை விட்டு வெளியேற ஏறக்குறைய இன்னொரு 12, 13 நாள். ஆக, முட்டை இட்டதிலிருந்து நாலு வாரம் பொறுத்தால் வேலை முடிந்தது. ஒரு வருடமெல்லாம் வேலியைக் காடாக விடச் சொல்லவில்லை. பெரிய கழிப்பை அக்டோபர், நவம்பரில் வைத்துக்கொள்ளுங்கள். மற்ற மாதங்களில் மேல்நுனியை மட்டும், பார்த்துவிட்டு வெட்டுங்கள்.

எப்படிப் பார்ப்பது? கிளையை விலக்கித் தேடுவது மோசமான வழி. இலை விலகிய கூட்டைக் காக்கையும் செம்போத்தும் எளிதில் கண்டுபிடித்துவிடும். ஓணானும் பூனையும்கூடக் காத்திருக்கின்றன. காலை ஆறரைக்கும் எட்டுக்கும் இடையில், வேலியிலிருந்து ஐந்தாறு மீட்டர் தள்ளி நில்லுங்கள். சுமார் 25 மீட்டர் நீள வேலிக்கு ஒரு கால்மணி நேரம் போதும். சின்னான் வாயில் வேரிழை, சருகு, காகிதத்துண்டு, பிளாஸ்டிக் கிழிசல் எதையாவது கவ்விக்கொண்டு ஒரே இடத்துக்குத் திரும்பத் திரும்பப் போகிறதா? கட்டிக்கொண்டிருக்கிறது. புழுவோடு போகிறதா? குஞ்சு இருக்கிறது. நீங்கள் ஒரு குறிப்பிட்ட பகுதியை நெருங்கும்போது மட்டும் இரண்டு பறவைகள் அருகே வந்து விடாமல் கத்துகின்றனவா? கூடு அங்கேதான். தவறிப்போவது அடைகாக்கும் கட்டத்தில். அப்போது பறவை அசையாமல் உட்கார்ந்திருக்கும், போக்குவரத்து குறைவு. அதனால் சந்தேகம் இருந்தால் இரண்டு நாள் கழித்து இன்னொரு முறை பார்த்துவிடுங்கள்.

கூடு இருப்பது தெரிந்தால் இரு பக்கமும் ஒவ்வொரு மீட்டர் விட்டு, வேலியின் அடித்தண்டில் துணி கட்டி அடையாளம் வையுங்கள். கூட்டுக்கு நேர்மேலே கட்ட வேண்டாம், அது வேடிக்கை பார்ப்பவர்களுக்குப் பலகை வைத்தது போலாகும். இடைப்பட்ட இரண்டு மீட்டரைத் தொடாமல் மற்றதை வெட்டுங்கள். கூட்டோடு கிளையை வெட்டி வேறு செடியில் கட்டிவைப்பதைக் கருணை என்று பலர் நினைக்கிறார்கள். தாய்ப்பறவை பழைய இடத்துக்கே வந்து தேடும். பெரும்பாலும் முட்டை கைவிடப்படும். சட்டமும் இதைத் தெளிவாகவே சொல்கிறது. 1972ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம் ‘வேட்டை’ என்பதற்குத் தரும் விளக்கத்திலேயே காட்டுப்பறவைகளின் முட்டைகளைச் சேதப்படுத்துவதும், முட்டைகளையும் கூடுகளையும் கலைப்பதும் அடங்கிவிடுகின்றன.

தரையில் குஞ்சு கிடக்கிறது என்று வாட்ச்மேன் கொண்டுவந்து நீட்டுவார். முதலில் இறகைப் பாருங்கள். இறகு முளைத்து, வால் குட்டையாக, தத்தித் தத்திப் போகிறதென்றால் அது தொலைந்த குஞ்சு இல்லை. சின்னான் குஞ்சுகள் சரியாகப் பறக்கத் தெரிவதற்கு முன்பே கூட்டை விட்டு இறங்கிவிடும். எடுத்த இடத்துக்குப் பக்கத்திலேயே பூனைக்கு எட்டாத கிளையில் வைத்துவிட்டு விலகுங்கள், பெற்றோர் வந்து ஊட்டும். இறகே இல்லாத குஞ்சென்றால் கூட்டைத் தேடி அதில் வைக்க வேண்டும். மனிதக் கை பட்டால் தாய் சேர்க்காது என்பது வெறும் நம்பிக்கை. பாலில் நனைத்த சோறு கொடுக்காதீர்கள். சொட்டுச் சொட்டாகத் தண்ணீரும் ஊற்றாதீர்கள். நாக்கு தொடங்கும் இடத்தில் இருக்கும் மூச்சுத்துளைக்குள் போய்விடும்.

சங்கக் கூட்டங்களில் வருகிற இரண்டு புகார்களுக்கும் பதில் சொல்லிவிடுகிறோம். சுவரில் ஆலும் அரசும் முளைக்கிறது, காரணம் பறவை எச்சம் என்பார்கள். உண்மைதான். இரண்டு இலை விட்ட நிலையில் பிடுங்கினால் வேரோடு வரும். மழை முடிந்ததும் ஒரு சுற்று போனால் போதும். கார் கண்ணாடியைக் கொத்துகிறது என்பார்கள். தன் பிம்பத்தை இன்னொரு சின்னான் என்று எண்ணித்தான் அந்தச் சண்டை. சில நாள்களுக்குப் பக்கக் கண்ணாடியில் ஒரு துணிப்பையை மாட்டிவிடுங்கள்.

புதிதாக நடும்போது கறிவேப்பிலையை மறக்காதீர்கள். அதன் கரும்பழத்துக்குச் சின்னான்கள் வரிசைகட்டி வரும். பூலாவும் இட்லிப்பூவும் நல்லவை, இடமிருந்தால் அத்தி. அவசரமாக நிழலும் பழமும் வேண்டுமென்றால் தேன்பழம். உண்ணிச்செடி மட்டும் வேண்டாம். சின்னானுக்குப் பிடிக்கும் என்பதுதான் அதிலுள்ள சிக்கல், விதையைக் காட்டுக்குக் கொண்டுபோய்ச் சேர்த்துவிடும். மஞ்சள் அரளிப் பழத்தையும் செம்மீசைச் சின்னான் தின்னும். மனிதருக்கு அது கடும் நஞ்சு, பறவை தின்கிறதே என்று குழந்தைகள் வாயில் வைத்துவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

கடைசியாகக் கூலி விஷயம். மீட்டர் கணக்கில் கூலி தருகிற இடத்தில், கூட்டுக்காக விட்ட இரண்டு மீட்டருக்குப் பணம் கழிக்கப்படும் என்றால் எந்தத் தொழிலாளியும் கூட்டைப் பார்த்ததாகச் சொல்ல மாட்டார். அவர் மேல் தப்பில்லை. ஆகவே வேலை உத்தரவிலேயே எழுதிவிடுங்கள்: கூடு இருக்கும் பகுதியை விட்டு வெட்டினாலும் முழு நீளத்துக்கும் கூலி உண்டு, விட்ட பகுதியை நாலு வாரம் கழித்து, குஞ்சு வெளியேறியதைப் பார்த்த பிறகு, அவரே வந்து முடித்துக் கொடுக்க வேண்டும்.

இப்படிக்கு,
பறவை நோக்கர்கள்