லிமாவில் இருக்கும் லூசியாவுக்கு

ஹுவாண்டா, அயாகுச்சோ, பெரு

அன்பு மகள் லூசியாவுக்கு,

அப்பா எழுதுவது. இங்கே எல்லோரும் சுகம். அம்மாவின் முட்டிவலி அப்படியேதான் இருக்கிறது, தைலம் தடவச் சொன்னால் கேட்பதில்லை. அவகாடோ இந்த வருஷம் நன்றாகக் காய்த்திருக்கிறது. மேட்டு ஊர்க்காரர்கள் சுனியோ, அதுதான் பனியில் உறையவைத்துக் காயவைத்த உருளைக்கிழங்கு, கொண்டுவந்து கொடுத்துவிட்டுக் காய் வாங்கிப்போகிறார்கள். பஸ்ஸில் ஒரு மூட்டை போட்டுவிட்டேனே, வந்து சேர்ந்ததா? வந்தது என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். ஞாயிற்றுக்கிழமைகளில் வரும் உன் போனும் நின்றுபோயிற்று. நைட் டியூட்டியாக இருக்கும் என்று அம்மா எனக்குச் சமாதானம் சொல்கிறாள்.

உன் ஞானத்தாய் லிமாவிலிருந்து திரும்பிவிட்டாள். பித்தப்பையில் கல் இருப்பது உறுதியாகிவிட்டது, ஆபரேஷனுக்கு மறுபடி வரச் சொல்லியிருக்கிறார்கள். அவள் வந்திருந்தது உன் ஆஸ்பத்திரிக்குத்தான். லூசியாவைப் பார்த்தாயா என்று கேட்டேன். பார்த்தேன் என்றாள். பேசினாயா என்றால், கூட்டம் என்கிறாள். நீ வெள்ளைச் சீருடையில் நிற்கும் போட்டோவைக் கடையில் மாட்டிவைத்து, வருகிறவர் போகிறவருக்கெல்லாம் காட்டுகிறவள் அவள். கூட்டம் என்பதற்காகப் பேசாமல் வருவாளா? சரி, அதை விடு.

நான் கேட்க நினைத்தது வேறு. உன் வார்டுக்கு மலைநாட்டு நோயாளிகள் நிறைய வருகிறார்களா? நம் கெச்சுவா மட்டுமே தெரிந்த, ஸ்பானிஷ் தெரியாத கிழவர் கிழவிகள் வந்தால் யார் பேசுகிறார்கள்? 2011இல் வந்த 29735ஆம் எண் சட்டத்தை நான் ஆசிரியர் கூட்டத்தில் வரிவரியாகப் படித்துக்காட்டியிருக்கிறேன். அரசு அலுவலகமானாலும் ஆஸ்பத்திரியானாலும் தாய்மொழியிலேயே கவனிக்கப்படுவது ஒருவருடைய உரிமை என்று அதில் இருக்கிறது. மொழிபெயர்ப்பாளர்களுக்குக் கலாசார அமைச்சகம் பயிற்சி கொடுக்கிறது. ஆனால் ராத்திரி இரண்டு மணிக்கு வயிற்றைப் பிடித்துக்கொண்டு வருகிறவளுக்கு எந்த மொழிபெயர்ப்பாளர் வரப்போகிறார்? பக்கத்தில் நிற்கும் நர்ஸ்தான். மாய்பித்தக் நனசுங்கி, எங்கே வலிக்கிறது என்று கேட்டால் போதும். அதற்குப் பட்டம் வேண்டியதில்லை, வாயைத் திறந்தால் போதும்.

வந்தவள் ஆங்காஷ் பக்கத்துக்காரி என்றால் அது வேறு கதை. அங்கே பேசுவதும் கெச்சுவாதான், ஆனால் பயிற்சி வகுப்பில் அந்தப் பக்கத்து ஆசிரியர் ஒருவரோடு பேசிப்பார்த்து, பாதிகூடப் பிடிபடாமல் இரண்டு பேரும் ஸ்பானிஷுக்கு மாறினோம். இவை இரண்டு தனிக் கிளைகள் என்று மொழியியலாளர்கள் பார்க்கரும் டொரெரோவும் 1960களிலேயே பிரித்துக் காட்டிவிட்டார்கள். குஸ்கோக்காரி என்றாலாவது முக்கால்வாசி புரியும். அதனால், அன்று உன் முன்னால் நின்ற அந்தக் கிழவி எந்த ஊர் என்று உன் ஞானத்தாயிடம் கேட்டேன். ஆங்காஷ் என்று சொல்லிவிட மாட்டாளா என்று இருந்தது எனக்கு. நம் அயாகுச்சோவிலேயே கங்காலோ பக்கமாம். வெளியே வந்து அந்தக் கிழவிக்கு மாத்திரைச் சீட்டை விளக்கிச் சொன்னதே உன் ஞானத்தாய்தான்.

"எனக்குக் கெச்சுவா தெரியாது" என்று அந்தக் கிழவியிடம் நீ ஸ்பானிஷில் சொன்னதாக உன் ஞானத்தாய் சொன்னாள். நம் பேச்சில், கேள்விப்பட்டதைச் சொல்கிறவர் -சி போடுவார், தானே பார்த்ததைச் சொல்கிறவர் -மி போடுவார். அவள் -சி போட்டிருந்தால் ஊர்ப்பேச்சு என்று விட்டிருப்பேன். அவள் போட்டது -மி. அம்மாவிடம் நான் இதைச் சொல்லவில்லை. நீயும் சொல்லாதே.

உன்மேல் எனக்குக் கோபம் இல்லை என்று எழுத ஆரம்பித்தேன். இருக்கிறது. கூடவே, லிமாவில் முதல் வருஷம் உன்னைப் பார்த்து எப்படிச் சிரித்தார்கள் என்பதையும் நான் மறக்கவில்லை. மேசையைச் சொல்ல வந்து 'மேசா' என்பதற்கு 'மிசா' என்று உன் வாயில் வந்ததற்கு, பூசை எத்தனை மணிக்கு என்று கேட்டார்களாமே. நம் மொழியில் உயிரொலி அ, இ, உ மூன்றுதான். எ, ஒ இரண்டும் தொண்டையில் பிறக்கும் அந்த ஒலிக்குப் பக்கத்தில் மட்டும்தான் தலைகாட்டும். அந்தக் காதோடு ஸ்பானிஷுக்குப் போகிற பிள்ளைக்கு முதலில் தடுமாறத்தான் செய்யும். (1985இல் மூன்று உயிரெழுத்து என்று அரசு முடிவு செய்ததற்கு, ஐந்து வேண்டும் என்று குஸ்கோ அகாதெமிக்காரர்கள் பிடித்த சண்டை இன்னும் ஓயவில்லை. அது எதற்கு இப்போது.) சிரித்தவர்களுக்குக் கோழியைச் சொல்லும் 'போல்யோ'வும் கல்திண்ணையைச் சொல்லும் 'போயோ'வும் ஒன்றுதான். நம் வீட்டில் இரண்டும் வேறுவேறாகவே கேட்கும். அதற்காக நாம் யாரையாவது கேலி செய்திருக்கிறோமா?

லிமா போய்ச் சேர்ந்த அன்று போனில் நீ சொன்னது: "கடல் எவ்வளவு பெரிசாக இருந்திருக்கிறது, அப்பா!" நம் கெச்சுவாக்காரர்கள் ஆச்சரியப்பட்டால் ஸ்பானிஷில் அப்படித்தான் சொல்வோம், 'அபியா சிதோ' போட்டு. லிமாக்காரர்களுக்கு அது தப்பு இலக்கணம். அன்றைக்கு நீ ஸ்பானிஷில் பேசியதில் உன் பாட்டி பேசுவதும் சேர்ந்தே கேட்டது எனக்கு. இப்போது நீ பேசுவதில் அது ஒன்றுமில்லை. வாக்கியத்துக்கு வாக்கியம் லிமாக்காரர்கள் மாதிரி 'பே' போட்டு முடிக்கிறாய்.

உன் சித்தி மொழியை மறைத்தாள். அதற்கு நான் ஒரு சொல் சொல்ல மாட்டேன். சித்தப்பாவைக் கூட்டிப்போன பிறகு, 1984இல், கைக்குழந்தையோடு லிமாவுக்குப் போனவள். அயாகுச்சோ உச்சரிப்பு காதில் விழுந்தாலே பயங்கரவாதி என்று பார்த்த காலம். ஒளிரும் பாதை கெரில்லாக்களுக்கும் ராணுவத்துக்கும் சண்டை நடந்த அந்த இருபது வருஷத்தில் செத்தவர்கள், காணாமல் போனவர்களில் நூற்றுக்கு 75 பேர் கெச்சுவாவோ வேறொரு பூர்வகுடி மொழியோ பேசினவர்கள் என்று உண்மை ஆணையம் 2003இல் எழுதியது. அவள் உயிருக்குப் பயந்தாள். நீ 1992இல் பிறந்தவள், அரசு வேலையில் இருக்கிறாய். உனக்கு யாரிடம் பயம்?

மாப்பிள்ளையைப் பார். அமேசான் காட்டுப் பக்கத்து இகித்தோஸ்காரர், 'ஹுவான்' என்பதை 'ஃபுவான்' என்கிறார், 'ஃபுவானின் அவனுடைய படகு' என்கிறார், யார் சிரித்தாலும் மாற்றிக்கொள்வதில்லை. அவர் பாட்டி அந்தக் காட்டு மொழியான குகாமா பேசினவள். அவர் அம்மாவுக்கு அது வாயில் வரவில்லை, அவருக்குக் காதிலேயே விழவில்லை. இப்போது நவுத்தாவில் ரேடியோ உகமாரா வழியாக, இருக்கிற கிழவர்களைத் தேடிப்பிடித்துப் பிள்ளைகளுக்குக் குகாமா சொல்லித்தருகிறார்கள். இந்த நாட்டில் 48 பூர்வகுடி மொழிகள், 44 காட்டில், 4 மலையில். நம்முடையதைத் தாய்மொழி என்று 2017 கணக்கெடுப்பில் 37 லட்சம் பேருக்கு மேல் எழுதிக்கொடுத்தார்கள். அவ்வளவு பேர் இருப்பதால் உன் ஒருத்தியால் ஒன்றும் குறையாது என்று நினைக்காதே. குகாமாவும் ஒவ்வொரு வீடாகத்தான் போயிற்று.

உன் பாட்டிக்கு 1980 வரை ஓட்டு இல்லை, ஸ்பானிஷில் எழுதப் படிக்கத் தெரியாது என்பதற்காக. 2019இல் சான் மார்கோஸ் பல்கலைக்கழகத்தில் ரொக்ஸானா கிஸ்பே கெச்சுவாவிலேயே முனைவர் பட்ட ஆய்வை எழுதி, கெச்சுவாவிலேயே கேள்விகளுக்குப் பதிலும் சொன்னார். அந்தச் செய்தியைப் பேப்பரிலிருந்து வெட்டி உனக்கு அனுப்பினேன், நீ ஒன்றும் சொல்லவில்லை. 2021இல் காங்கிரஸில் அன்றைய பிரதமர் பெயிதோ கெச்சுவாவில் ஆரம்பித்தபோது எதிர்க்கட்சிக்காரர்கள் கூச்சல் போட்டதை அம்மாவும் நானும் டிவியில் பார்த்தோம். அந்த ஆளின் அரசியல் அம்மாவுக்கு அறவே பிடிக்காது. ஆனாலும் பேச விடுங்களேன் என்று எழுந்து நின்று திட்டினாள்.

நீ கெட்டிக்காரி. இந்தத் தெருவில் நர்ஸ் படிப்பு முடித்த முதல் பெண் நீ. ஊசி போட்டால் வலியே தெரியாது என்று உன் ஞானத்தாய் உன்னைப் பற்றி இன்னமும் சொல்லிக்கொண்டுதான் இருக்கிறாள். அதனால்தான் எழுதுகிறேன். எங்கே வலிக்கிறது என்று அவர்கள் மொழியில் கேள். மெதுவாகவே கேள், டாக்டர் காதில் விழ வேண்டாம் என்றால் குனிந்து கேள். ஆனால் கேள்.

ஞானத்தாய் ஆபரேஷனுக்கு வரும்போது உன் வீட்டில் தங்கட்டும். அவளாகக் கேட்க மாட்டாள், நீ கூப்பிட வேண்டும். பாலாடைக்கட்டியும் சுனியோவும் அவளிடம் கொடுத்தனுப்புகிறேன். ஞாயிறு மாலை நானே போன் செய்கிறேன், பேத்தியிடம் கொடு. நான் அவளிடம் கெச்சுவாவில்தான் பேசுவேன். அவளுக்குப் புரியாவிட்டாலும் பரவாயில்லை, நீ நடுவில் புகுந்து ஸ்பானிஷில் சொல்லாதே.

அப்பா