அவன் அம்மா எழுதிய நாலு பக்கம்

அன்புள்ள தோழிக்கு,

நலம். உன் நலமறிய ஆவல். கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்து நீ திரும்பவும் படிக்க ஆரம்பித்துவிட்டாய் என்று உன் மகள் சொன்னாள். அந்தத் தைரியத்தில்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன். ஒரே மூச்சில் படிக்காதே. கண்ணை நடுவில் கொஞ்சம் மூடித் திறந்துகொள்.

போன கடிதத்தில் கோபமாக ஒன்று கேட்டிருந்தாய். "தப்புப் பண்ணினவன் யாரா இருந்தா என்ன? சீருடை போட்டவனுக்கு மட்டும் தனிக் கோர்ட்டா? சட்டத்துக்கு முன்னால எல்லாரும் சமம்னு முப்பது வருஷம் பிள்ளைங்களுக்குச் சொல்லிக் கொடுத்தேனே!" நீ கேட்டது நியாயமான கேள்வி. பதில் எழுத ஒரு மாதம் ஆகிவிட்டது. அதற்குள் உன்னிடம் ஒரு உதவியும் கேட்கவேண்டி வந்துவிட்டது. கடைசியில் சொல்கிறேன்.

எங்கள் வீட்டுக் கீழ்த்தளத்தில் வாடகைக்கு இருந்த பையனை உனக்கு நினைவிருக்கும். மாணவர் விசாவில் வந்தவன், நீ இங்கே வந்திருந்தபோது உன் பெட்டியை இரண்டு மாடி தூக்கிக்கொண்டு வந்தவன். 2010-ல் அவன் அமெரிக்க ராணுவத்தில் சேர்ந்தான். அப்போது மாவ்னி என்று ஒரு திட்டம் இருந்தது. கிரீன் கார்டுகூட இல்லாத வெளிநாட்டவரில், ராணுவத்துக்குத் தேவைப்பட்ட மொழி தெரிந்தவர்களையும் மருத்துவம் படித்தவர்களையும் சேர்த்துக்கொண்டு, சீக்கிரமே குடியுரிமை கொடுத்தார்கள். அந்த மொழிப் பட்டியலில் தமிழும் உண்டு. 2016-ல் புதிய ஆட்களை எடுப்பதை நிறுத்திவிட்டார்கள். 2012-ல் ஆப்கானிஸ்தானுக்குப் போனான். அடுத்த வருஷம் திரும்பினான். 2014-ல் ராணுவத்தை விட்டு வெளியே வந்துவிட்டான்.

அப்புறம் பல வருஷம் பேச்சே இல்லை. பொங்கலுக்கு ஒரு செய்தி வரும், அவ்வளவுதான். ஒரு ராத்திரி போன் வந்தது. "ஆன்ட்டி, நான் ஜெயில்ல இருக்கேன்." குடித்துவிட்டு ஒரு பார்க்கிங் இடத்தில் யாருடனோ சண்டை. ஒரு காரின் கண்ணாடியை உடைத்திருக்கிறான். பிடிக்க வந்த போலீஸ்காரரைத் தள்ளியிருக்கிறான்.

மறுநாள் அவனுக்காக நியமித்த வக்கீலைப் பார்த்தேன். வசதியில்லாதவர்களுக்கு அரசே ஏற்பாடு செய்யும் வக்கீல். நூறு கோப்புகளுக்கு நடுவில் உட்கார்ந்திருந்த பெண். "இவன் ராணுவத்தில் இருந்தவன் என்று உங்களுக்குத் தெரியுமா?" என்று கேட்டேன். அவள் காகிதத்தைப் புரட்டினாள். சிறையில் சேர்க்கும்போது கேட்கும் கேள்விகளில் அதுவும் ஒன்று. 'வெட்டரனா?', அதாவது முன்னாள் படைவீரரா, என்ற இடத்தில் 'இல்லை' என்று குறித்திருந்தது.

ஏண்டா இல்லையென்று சொன்னாய் என்று கேட்டேன். "வெட்டரன்னா வியட்நாம் போன தாத்தாங்க ஆன்ட்டி. கால் போனவங்க. எனக்கு என்ன, கையும் காலும் நல்லாத்தானே இருக்கு." கொஞ்ச நேரம் கழித்துத் தலை நிமிராமல் சொன்னான்: "இப்படி நிக்கிறப்போ அந்தப் பேரைச் சொல்லணுமா?"

அந்த ஒரு சொல்லில்தான் எல்லாம் இருக்கிறது என்று எனக்கு அன்றைக்குத் தெரியவில்லை. பிறகு இந்த வேலையில் இருப்பவர்களிடம் பேசிப் பேசித் தெரிந்துகொண்டேன். 'நீங்கள் வெட்டரனா?' என்று கேட்டால் பல பேர் வாய் திறப்பதில்லையாம். 'எப்போதாவது ராணுவத்தில் வேலை செய்ததுண்டா?' என்று கேட்டால் சொல்வார்களாம். ராணுவத்திலிருந்து வெளியே வந்த விதம் சரியில்லாதவனும், போர்முனைக்கே போகாதவனும், போய்வந்து அதை மறக்க நினைப்பவனும் அந்தப் பட்டம் தனக்கில்லை என்றே நினைக்கிறார்கள். பெண்கள் இன்னும் அதிகமாக. சரியாகக் கேட்க ஒரு ஆள் இல்லையென்றால் உதவி எவ்வளவு இருந்தும் பயனில்லை.

உதவி இருக்கிறது. விஏ என்று இங்கே சொல்லும் முன்னாள் படைவீரர் துறை, 2009 முதல் இதற்கென்றே ஆட்களை வைத்திருக்கிறது. சிறைக்கும் கோர்ட்டுக்கும் போய், படையில் இருந்தவர்களைக் கண்டுபிடித்துச் சிகிச்சையோடு இணைத்துவிடுவது அவர்கள் வேலை. வக்கீலாக வாதாட மாட்டார்கள், அது வேறு. அப்படி ஒரு பெண்மணி பதினோராம் நாள் அவனைப் பார்க்க வந்தார். அவர் வழியாகத்தான் வெட்டரன்ஸ் கோர்ட் எங்களுக்குத் தெரியவந்தது. படையில் இருந்தவர்களைச் சும்மா சிறைக்கு அனுப்பாமல், நீதிபதியின் கண்காணிப்பில் சிகிச்சைக்கு அனுப்பும் கோர்ட். நீ கோபப்பட்ட தனிக் கோர்ட் இதுதான்.

இந்த மாதிரிக் கோர்ட்டுகளுக்கு முன்மாதிரி நியூயார்க் மாநிலத்தில் பஃபலோ நகரத்தில் 2008 ஜனவரியில் தொடங்கியது. ராபர்ட் ரஸ்ஸல் என்ற நீதிபதி. அலாஸ்காவில் ஆங்கரேஜில் 2004-லேயே ஒன்று இருந்தது, ஆனால் நாடெங்கும் பரவியது பஃபலோ வழிதான். அவர் முன்னால் வியட்நாம் போரில் இருந்த ஒருவர் நின்றாராம். எதைக் கேட்டாலும் தலை குனிந்தபடி ஒரு முனகல். அன்று கோர்ட்டில் இருந்த, வியட்நாமுக்குப் போய்வந்த இரண்டு பேரை அழைத்து, 'இவரோடு வெளியே போய்க் கொஞ்சம் பேசுங்கள்' என்று அனுப்பினார் நீதிபதி. வராந்தாவில் என்ன பேசினார்களோ. திரும்பி வந்தவர் கைகளைப் பின்னால் கட்டி, அணிவகுப்பில் நிற்பதுபோல நிமிர்ந்து நின்று, நீதிபதியின் கண்ணைப் பார்த்து, இனி முயற்சி செய்கிறேன் என்றாராம். இப்போது நாடு முழுக்க இப்படி 600-க்கு மேல் இருக்கின்றன.

நீ நினைப்பதுபோல இது சலுகை இல்லையடி. பதினெட்டு மாதம் நானும் கூடவே போய்வந்தேன், அதனால் சொல்கிறேன். முதலில் இரண்டு வாரத்துக்கு ஒருமுறை நீதிபதி முன்னால் நிற்கவேண்டும். எந்த நாள் என்று சொல்லாமல் சிறுநீர்ப் பரிசோதனைக்குக் கூப்பிடுவார்கள். சிகிச்சைக்கு ஒருநாள் போகவில்லையென்றால் எல்லார் முன்னாலும் பதில் சொல்லவேண்டும். நடுவில் ஒருமுறை குடித்துவிட்டான். ஒரு வார இறுதி முழுக்கச் சிறையில் வைத்தார்கள். பேசாமல் தண்டனையை வாங்கிக்கொண்டு மூன்று மாதம் உள்ளே இருந்துவிட்டு வந்தால் அவனுக்குச் சுலபமாக இருந்திருக்கும். அவனே ஒருநாள் அப்படிச் சொன்னான்.

அவனைப் பிடித்து நிறுத்தியது அவனுக்குத் துணையாக வந்த பெரியவர். மென்டர் என்கிறார்கள். சம்பளம் கிடையாது. அவரும் படையில் இருந்தவர், எழுபதைத் தாண்டியவர். முதல் நாள் வராந்தாவில் இவன் சுவரில் முதுகை ஒட்டிக்கொண்டு, கதவைப் பார்த்தபடி நின்றான். பெரியவர் வந்தார், கை கொடுக்கவில்லை. இவன் பக்கத்தில் அதே சுவரில் முதுகை ஒட்டிக்கொண்டு, அதே கதவைப் பார்த்தபடி நின்றார். பத்து நிமிஷம் இரண்டு பேரும் பேசவே இல்லை. அப்புறம், "நான் இன்னும் ஹோட்டல்ல கதவுக்கு முதுகைக் காட்டி உட்கார மாட்டேன். ஐம்பது வருஷமாச்சு," என்றார். இவன் சிரித்தான். அந்தச் சிரிப்பை நான் எத்தனை வருஷம் கழித்துப் பார்த்தேன் தெரியுமா? போகும்போது ஒரு அட்டையில் தன் நம்பரை எழுதிக் கொடுத்தார். அதற்குக் கீழே 988, பிறகு 1 என்று எழுதினார். உயிரை மாய்த்துக்கொள்ளும் எண்ணம் வந்தால் முன்னாள் படைவீரர்கள் எந்த நேரத்திலும் கூப்பிடும் நம்பர் அது.

இனி உன் கேள்வி. பெரியவர் வந்த அதே முதல் நாள் காலையில் பக்கத்துக் கோர்ட்டில், ஏறக்குறைய இதே குற்றத்துக்கு இன்னொரு பையன் நின்றான். அவனுக்கு மென்டர் இல்லை, சிகிச்சை இல்லை, ஐந்து நிமிஷத்தில் முடிந்தது. அவன் அம்மா பெஞ்சில் தனியாக உட்கார்ந்திருந்தாள். அவளைத் தாண்டி நடந்து போனது எனக்கு இன்றைக்கும் உறுத்துகிறது. அந்தப் பையனுக்கும் ஒரு பெரியவர் கிடைத்திருக்கவேண்டும். நீ சொல்லும் சமம் அங்கே இல்லைதான். ஆனால் அதற்காக இவனிடமிருந்து எடுத்துவிடுவது எப்படிச் சமமாகும்?

எனக்கு இன்னொரு குறையும் உண்டு. பல இடங்களில் பெரிய வன்முறைக் குற்றம் செய்தவர்களை இந்தக் கோர்ட்டில் சேர்ப்பதில்லை. போர் யாரை மிக மோசமாக உடைத்ததோ அவர்களில் சிலர் அப்படியே வெளியே நின்றுவிடுகிறார்கள். ஜார்ஜ் போர்ட்டர் என்ற கொரியப் போர்வீரரின் வழக்கைப் படித்துப் பார். 1986-ல் ஃபுளோரிடாவில் இரண்டு பேரைக் கொன்றவர். மரண தண்டனை. கொரியாவில் இரண்டு கொடூரமான சண்டைகளில் இருந்ததையும், காயம்பட்டதையும், அதற்குப் பிறகு மனம் குலைந்ததையும் அவருடைய வக்கீல் நீதிமன்றத்தில் எடுத்து வைக்கவே இல்லை. 2009-ல் உச்ச நீதிமன்றம் அது தவறு என்று சொல்லி, போர்முனையில் நின்றவர்களிடம் கருணை காட்டுவது இந்த நாட்டில் நெடுநாள் வழக்கம் என்றும் எழுதியது. செய்தது கொலை இல்லையென்று யாரும் சொல்லவில்லை. ஒரு மனிதனுக்குத் தண்டனை எழுதும்போது அவன் முழுக்கதையும் மேஜைமேல் இருக்கவேண்டும் என்பதுதான்.

எண்ணிக்கையும் சொல்கிறேன், நீ கேட்பாய். 2011-12-ல் எடுத்த அரசுக் கணக்குப்படி இங்கே சிறைகளில் இருந்த முன்னாள் படைவீரர்கள் சுமார் 1,81,500 பேர், மொத்தக் கைதிகளில் 8 சதவீதம். அவர்களில் ஏறக்குறைய பாதிப் பேர் தங்களுக்கு மனநோய் இருப்பதாக மருத்துவர் சொன்னதுண்டு என்றிருக்கிறார்கள்.

கோர்ட் வராந்தாவில் பழக்கமான ஒரு பெண்ணைப் பற்றியும் எழுதவேண்டும். அவள் கணவனுக்குப் போர்க்காயத்துக்காக மாதாமாதம் விஏ பணம் வந்துகொண்டிருந்தது. அவன் பெரிய குற்றத்துக்குத் தண்டனை பெற்று உள்ளே போனான். அப்படி உள்ளே போனால் 61-ஆம் நாளிலிருந்து அந்தப் பணம் 10 சதவீத ஊனத்துக்கான தொகையாகக் குறைந்துவிடும். யாரும் விஏ-வுக்குச் சொல்லவில்லை, பணம் முழுசாகவே வந்தது, இவளும் செலவழித்தாள். ஒரு வருஷம் கழித்து, கூடுதலாகக் கொடுத்ததைத் திருப்பிக் கட்டு என்று கடிதம் வந்தது. விஏ குறைத்துக்கொள்ளும் தொகையில் ஒரு பங்கைத் தனக்கும் பிள்ளைகளுக்கும் தரும்படி அவள் விண்ணப்பித்திருக்கலாம், சட்டத்தில் இடம் இருக்கிறது. விடுதலையாகி ஒரு வருஷத்துக்குள் தெரிவித்தால் விடுதலை நாளிலிருந்தே பணம் பழையபடி கணக்காகும் என்பதும் அவளுக்குத் தெரியாது. கடிதத்தைக் கையில் மடித்து மடித்து நூலாக்கிவிட்டாள் பாவம். இந்த இரண்டு வரியை முதல் நாளே யாராவது அவளிடம் சொல்லியிருந்தால்!

நம் பையன் வழக்கு போன மாசி மாதம் முடிந்தது. குற்றச்சாட்டைத் தள்ளுபடி செய்தார்கள். நீதிபதி மேடையிலிருந்து இறங்கி வந்து கை கொடுத்தார். மென்டர் அழுதார். இவன் அழவில்லை, வீட்டுக்கு வந்து பதினாலு மணி நேரம் தூங்கினான்.

ஆனால் இன்னொன்று பாக்கி. 2014-ல் அவனை ராணுவத்திலிருந்து அனுப்பியபோது டிடி-214 என்ற காகிதத்தில் 'ஜெனரல்' என்று போட்டார்கள். முழு கௌரவத்தோடு அனுப்புவதற்கு ஒரு படி கீழே. தாமதமாக வந்தான், குடித்தான், எதிர்த்துப் பேசினான் என்று காரணம். அந்த ஒரு சொல்லால் படிப்புக்கான ராணுவ உதவித்தொகை போயிற்று. அதற்கும் ஒரு படி கீழே போட்டிருந்தால், ஐந்து வருஷ சேவை நிறையாததால் குடியுரிமைக்கே ஆபத்து வந்திருக்கும். குண்டு அதிர்ச்சியில் மூளைக்கு அடிபட்டிருக்கிறது, பிடிஎஸ்டி என்ற, பெரும் அதிர்ச்சிக்குப் பின் வரும் மனநோய் இருக்கிறது என்று மருத்துவர் எழுதிக் கொடுத்ததே இந்தக் கோர்ட் அனுப்பிய சிகிச்சையில்தான். நோயை அன்று யாரும் நோயென்று பார்க்கவில்லை, ஒழுங்கீனம் என்று எழுதிவிட்டார்கள்.

அந்த 'ஜெனரல்' என்பதை மாற்றச் சொல்லி ராணுவத்தின் மறுஆய்வு வாரியத்துக்கு விண்ணப்பம் போடுகிறோம். பதினைந்து வருஷம் கெடு, அதாவது 2029 வரை. தாமதிக்க எனக்கு மனமில்லை. 2017-ல் பாதுகாப்புத் துறை விட்ட வழிகாட்டுதலின்படி, இப்படிப்பட்ட மனக்காயத்துக்குக் குடும்பத்தார் எழுதிக் கொடுப்பதையும் சான்றாக எடுத்துக்கொள்வார்கள். அதனால் ஊரிலிருக்கும் அவன் அம்மாவிடம், மகன் போவதற்கு முன் எப்படி இருந்தான், வந்தபின் எப்படி இருந்தான் என்று எழுதச் சொன்னேன். நாலு பக்கம் எழுதி அனுப்பியிருக்கிறாள். தமிழில்.

இதுதான் உன்னிடம் கேட்கும் உதவி. அதை நீ ஆங்கிலத்தில் ஆக்கித் தரவேண்டும். அடியில் மொழிபெயர்த்தவர் கையெழுத்து வேண்டும், அந்த வாசகத்தை நான் அனுப்புகிறேன். நானே செய்துவிடலாம் என்று உட்கார்ந்தேன். முதல் பக்கம் சுலபமாக வந்தது. இரண்டாம் பக்கத்தில் அவள் எழுதுகிறாள்: "லீவுக்கு வந்திருந்த இருபது நாளும் பிள்ளை யாருக்கும் முகம் கொடுத்துப் பேசவில்லை. சாப்பிட்டாயா என்றால் சாப்பிட்டேன் என்பான், தட்டு அப்படியே இருக்கும். ராத்திரி எழுந்து பார்த்தால் வாசல் திண்ணையில் வெறிச்சென்று உட்கார்ந்திருப்பான். நானும் பக்கத்தில் போய் உட்கார்ந்துகொள்வேன். எனக்கு என்ன கேட்பதென்று தெரியவில்லை."

'முகம் கொடுத்து' என்பதற்கு மூன்று நாளாக என்னென்னவோ போட்டுப் பார்க்கிறேன். கண்ணைப் பார்க்கவில்லை என்று எழுதினால் குறைந்து போகிறது. சரியாகப் பேசவில்லை என்றால் அவனைக் குறை சொல்வது போலாகிறது. வாரியத்தில் அதைப் படிக்கப்போகிறவர்கள் அவனைப் பார்த்ததே இல்லை. நீதான் யோசித்துச் சொல்லவேண்டும். பக்கங்களை ஸ்கேன் செய்து உன் மகளின் மின்னஞ்சலுக்கு அனுப்பியிருக்கிறேன். எழுத்து கொஞ்சம் கோணல், பெரிதாக்கிப் படி.

அன்புடன்,
உன் பழைய தோழி