இரண்டாவது டின்

அன்புள்ள மணியம்,

முழங்கால் வலி எப்படி? இங்கே சுங்கை சிப்புட்டில் தினமும் நாலு மணிக்கு மழை பிடித்துக்கொள்கிறது, நம் பழைய லயம் இருந்த பக்கம் செம்பனைக்குள் போகவே முடியவில்லை. அது கிடக்கட்டும்.

பேரனுக்குச் சரித்திரப் பாடத்தில் ஒரு வேலை கொடுத்திருக்கிறார்கள், வெள்ளைக்காரன் காலத்து மலாயா அவசரகாலத்தைப் பற்றி வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டு எழுத வேண்டுமாம். 1948 ஜூன் 16, ஒரே காலையில் இங்கே இரண்டு தோட்டங்களில் மூன்று வெள்ளைக்கார துரைமார்களைக் கம்யூனிஸ்டுகள் சுட்டது, அதன் பிறகு 1960 வரை இழுத்தது, அதெல்லாம் அவனுக்கே தெரிகிறது. அம்மாவிடம் போய் உட்கார்ந்தான். அப்போது அம்மாவுக்கு ஒன்பது வயது. துரைமாரைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை, சார்டின் டின்னைப் பற்றித்தான் பேசினார். கடைக்காரர் டின்னில் ஓட்டை போட்டுத்தான் கையில் கொடுப்பாராம், வைத்திருந்து காட்டுக்குள் ஒளிந்திருந்த கம்யூனிஸ்டுகளுக்கு அனுப்பிவிடக் கூடாதே. வாங்கிய அன்றே தின்று தீர்க்க வேண்டும்.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. நம் வீட்டில் ஒரு நாளும் இரண்டாவது டின் இருந்ததில்லை, உனக்கே தெரியும், பசிக்குது என்று நீ வந்தால்தான் கடைக்கு ஓடுவோம். 2020-இல் நடமாட்டக் கட்டுப்பாடு வந்தபோது ஊரே வாங்கிக் குவித்தது, நான் பத்து டின் கொண்டுவந்ததற்கு அம்மா இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. கஞ்சத்தனம் என்றல்லவா நான் இத்தனை வருஷம் நினைத்துக்கொண்டிருந்தேன்!

அப்புறம் இன்னொன்று. தோட்டத்தைச் சுற்றிக் கம்பி வேலி, ரப்பர் பால்வெட்டுக்குப் போகிறவர்களை விடியற்காலையில் கேட்டில் நிறுத்திச் சோதனை, மங்குச் சட்டியில் சோறுகூடக் கொண்டுபோகக் கூடாது. பெண்களைத் தடவிப் பார்க்க ஒரு பெண்ணைப் போட்டிருந்தார்களாம். அது உன் பாட்டியாம் மணியம். ஒரு நாள் என் பாட்டியின் மடியில் ஒரு பிடி அரிசி முடிச்சு, உன் பாட்டியின் கை அதில் பட்டது, ஒன்றும் சொல்லாமல் "போ புள்ள, நேரமாச்சு" என்று தள்ளிவிட்டாராம். பிடிபட்டால் இரண்டு பேருக்கும் ஜெயில்தான்.

அரிசி யாருக்கு என்று பையன் கேட்டான். அம்மா எழுந்துபோய் டிவியைப் போட்டுவிட்டார். நானும் இரண்டு தடவை கேட்டுப் பார்த்தேன், "பழைய கதை எதுக்குடா" என்பதோடு சரி.

உன் பாட்டி இதைப் பற்றி உங்கள் வீட்டில் எப்போதாவது வாய் திறந்திருக்கிறாரா? உன் பெரிய அக்காவிடமும் கேட்டுப் பார். பையன் வெள்ளிக்கிழமை கொடுக்க வேண்டுமாம்.

உன்,
செல்வா