டிரைவருக்கும் சேர்த்து நாங்கள் சாட்சி சொல்ல வேண்டுமா?

கேரளச் சட்டமன்ற உறுப்பினர்கள் 140 பேருக்கும் வணக்கம்.

பாலக்காடு மாவட்டம் கொழிஞ்சாம்பாறைப் பக்கத்திலிருந்து எழுதுகிறேன். வீட்டில் தமிழ், ஆபீசில் மலையாளம் என்று வாழ்கிற ஊர். என் மச்சானிடம் ஒரு குட்டியானை, அதாவது சின்னச் சரக்கு வண்டி, இருந்தது. 'இருந்தது' என்று சொல்லலாமா தெரியவில்லை, ஆர்.சி. புக்கில் இன்னும் அவர் பெயர்தான். சம்பளத்துக்கு டிரைவர் வைத்து, வேலந்தாவளம் சந்தைக்குத் தக்காளி ஏற்றிக்கொண்டிருந்தார். ஒருநாள் விடியக்காலையில் தக்காளிப் பெட்டிகளுக்கு அடியில் ஸ்பிரிட் (எரிசாராயம்) கேன் இருந்ததென்று வண்டியைப் பிடித்தார்கள். டிரைவர் ஜாமீனில் வந்து இப்போது வேறு வண்டி ஓட்டுகிறார். வண்டிக்குத்தான் ஜாமீன் கிடைக்கவில்லை.

போன மாதம் போய்ப் பார்த்தோம். நாலு டயரும் தரையோடு ஒட்டிக் கிடக்கின்றன. முன் கிரில்லுக்குள் நுழைந்த கோவைக்கொடி வைப்பரைச் சுற்றி ஏறியிருக்கிறது. சீட்டை எலி குதறியிருக்கிறது. பேட்டரி இல்லை, அதை யாரிடம் கேட்பது? மச்சான் கதவைத் திறந்து, டேஷ்போர்டில் இருந்த பழைய எடைச்சீட்டு ஒன்றை எடுத்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.

ஸ்பிரிட் கடத்துபவர்களுக்குப் பரிந்து பேசவில்லை. 2000-ஆம் ஆண்டு கல்லுவாதுக்கல்லில் விஷச்சாராயம் 31 பேரைக் கொன்றதை நாங்களும் மறக்கவில்லை. தெரிந்தே வண்டி கொடுக்கும் முதலாளிகளும் உண்டு. அவர்களுடைய வண்டியை ஏலம் விடுங்கள்.

எங்கள் சிக்கல் கேரளத்தின் மதுச் சட்டமான அப்காரி சட்டத்தின் ஒரு வரியில் இருக்கிறது. மலையாள நாட்காட்டியின் கொல்லம் ஆண்டு 1077-இல், அதாவது நூறு வருடத்துக்கும் முன்னால் வந்த சட்டம், பலமுறை திருத்தப்பட்டது. கிரிமினல் வழக்கு கோர்ட்டில் ஒரு பக்கம் நடக்க, 67பி பிரிவின்படி பறிமுதலை எக்சைஸ் (கலால்துறை) அதிகாரியே தனியாக முடிவு செய்யலாம். தப்பிக்க வழி 67சி. அதில் என்ன இருக்கிறது? உரிமையாளர், அவருடைய ஏஜெண்ட், வண்டியைப் பொறுப்பில் வைத்திருந்தவர் என மூன்று பேருக்குமே விஷயம் தெரியாது, மூன்று பேருமே தக்க முன்னெச்சரிக்கை எடுத்தார்கள் என்று உரிமையாளர் நிரூபிக்க வேண்டும். பொறுப்பில் வைத்திருந்தவர் யார்? கையும் களவுமாகப் பிடிபட்ட அதே டிரைவர்! அவருக்குத் தெரியாது என்று என் மச்சான் எதைக் காட்டி நிரூபிப்பார்? தன்னைப் பற்றிச் சொல்லத்தான் அவரிடம் சாட்சி இருக்கிறது.

வண்டியை ஸ்டேஷனில் நெடுநாள் போட்டு வைப்பதில் பயனில்லை, பாண்ட் (பிணைப்பத்திரம்) வாங்கிக்கொண்டு விடுங்கள் என்று சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் சுப்ரீம் கோர்ட் 2002-லேயே சொன்னது. 15 நாள் முதல் ஒரு மாதத்துக்குள் என்று கெடுவும் சொன்னது. 2025 ஜனவரியில் பிஷ்வஜித் டே வழக்கில், ஹெராயின் பிடிபட்ட லாரியையே, உரிமையாளர் மேல் குற்றச்சாட்டு இல்லாததால், வீடியோவும் போட்டோவும் எடுத்துவிட்டு அவரிடம் விடச் சொன்னது. ஹெராயினுக்கே அப்படி. எங்களிடம் வண்டியின் சந்தை மதிப்பைக் கட்டினால் இடைக்காலமாகத் தருகிறோம் என்றார்கள். அந்தப் பணம் கையில் இருந்தால் மச்சான் எதற்குத் தவணையில் வண்டி எடுக்கிறார்?

ஹைகோர்ட்டுக்குப் போகலாம்தான். கொச்சிக்குப் போய்வரும் செலவும் வக்கீல் பீஸும் சேர்த்தால் பழைய குட்டியானை ஒன்றே வாங்கிவிடலாம் என்று பக்கத்து வீட்டுக்காரர் கணக்குப் போட்டுச் சொன்னார்.

அதனால் உங்களிடம் வருகிறோம். 67சி-யின் அந்த வரியிலிருந்து டிரைவரைப் பிரித்துவிடுங்கள். உரிமையாளர் தன் பங்குக்குத் தன்னை நிரூபித்தால் போதும் என்று திருத்துங்கள். பறிமுதல் முடிவுக்கு ஒரு கெடு வையுங்கள். அதுவரை நியாயமான பாண்டில் வண்டி ஓடட்டும். அப்புறம், எங்கள் பகுதிக்கு வரும் நோட்டீஸைத் தமிழிலும் அனுப்பச் சொல்லுங்கள். மச்சான் அதைப் படிக்கவே என்னிடம்தான் கொண்டுவந்தார்.

அடுத்த விசாரணைக்குத் தேதி வந்திருக்கிறது. இந்த மாத டியூவையும் அவர் கட்டிவிட்டார்.