மூரியா நத்தையின் கதையை அச்சிட உதவுங்கள்

அன்புள்ள பெற்றோர்களுக்கும் ஆசிரியர்களுக்கும் நண்பர்களுக்கும் வணக்கம்.

பாலர் பள்ளிப் பிள்ளைகளுக்காக நாங்கள் தயாரித்துவரும் தமிழ்ப் படப்புத்தகத்தில் எழுத்து வேலையும் ஓவிய வேலையும் முடிந்துவிட்டன. ஓவியருக்கு உரியதைக் கொடுத்ததில் கையிருப்பும் தீர்ந்தது. இனி அச்சுச் செலவுக்கு உங்களைத்தான் நம்பியிருக்கிறோம்.

கதை ஒரு நத்தையைப் பற்றியது. பெயர் பார்ட்டுலா தோஹிவியானா. பார்ட்டுலா என்ற நத்தை வகையில் பல இனங்கள் உண்டு, அவற்றில் இது ஒன்று. பசிபிக் பெருங்கடலில் தஹித்தித் தீவுக்குப் பக்கத்தில் இருக்கும் மூரியா என்ற சின்னத் தீவைத் தவிர உலகில் வேறெங்கும் இயற்கையாக வாழாத இனம். விரல் நுனியில் உட்காரும் அளவுதான் இருக்கும். முட்டையிடாமல் குட்டி போடும். பயிருக்குக் கெடுதல் செய்யாது. மட்கிய இலையும் பூஞ்சையும்தான் அதற்குச் சாப்பாடு.

அதற்கு வந்த கேட்டை நம் பிள்ளைகளுக்கு விளக்குவது சுலபம். மழை விட்டதும் புளோக்குக்குக் கீழே ஊர்ந்து போகுமே பெரிய ஆப்பிரிக்க நத்தை, அது 1967இல் தஹித்திக்கும் போய்ச் சேர்ந்து பயிர்களை மேய ஆரம்பித்தது. அதை ஒழிக்க ஃபுளோரிடா பகுதியைச் சேர்ந்த ஓநாய் நத்தையைக் கொண்டுவந்தார்கள். மூரியாவில் விட்டது 1977இல். மற்ற நத்தைகளின் வழுவழுத் தடத்தைப் பிடித்துக்கொண்டே போய்த் தின்னும் இனம் அது. ஆப்பிரிக்க நத்தை தப்பித்தது, பார்ட்டுலா மாட்டிக்கொண்டது. பத்து ஆண்டுகளுக்குள் தோஹிவியானா காட்டிலிருந்து அடியோடு மறைந்தது. விவசாயிகளுக்கு நல்லது செய்ய நினைத்தவர்களின் வேலை இது என்பதால் எங்கள் புத்தகத்தில் வில்லன் கிடையாது. ஓநாய் நத்தையைக்கூடப் பயங்கரமாக வரைய வேண்டாம் என்று ஓவியரிடம் சொல்லிவிட்டோம்.

நல்லவேளையாக, ஆய்வாளர்கள் முன்பே எடுத்துச் சென்றிருந்த சில நத்தைகள் வெளிநாட்டு விலங்கியல் தோட்டங்களில், சின்னச் சின்னப் பெட்டிகளில், தலைமுறை தலைமுறையாக வளர்ந்தன. எல்லா இனமும் பிழைக்கவில்லை. ரையாத்தேயா தீவின் பார்ட்டுலா டர்ஜிடா இனத்தில் கடைசியாக இருந்த நத்தை 1996 ஜனவரியில் லண்டனில் இறந்தது. இதைச் சொல்லும் புத்தகப் பக்கத்தில் காலிப் பெட்டியின் படம் மட்டும்தான் இருக்கிறது. சிறுவர் புத்தகத்துக்கு இது வேண்டுமா என்று குழுவில் நிறையப் பேசினோம். இருக்கட்டும் என்றே முடிவெடுத்தோம்.

2015 முதல் பார்ட்டுலாக்களைத் தீவுகளுக்குத் திருப்பி அனுப்பினார்கள். ஒவ்வொன்றின் ஓட்டிலும் சிவப்புச் சாயத்தில் ஒரு பொட்டு. புற ஊதா விளக்கு அடித்தால் பளிச்சென்று தெரியும், இரவில் தேட வசதி. அப்புறம் 2024இல் மூரியாவில் முழுதாக வளர்ந்த தோஹிவியானாக்கள் கிடைத்தன, பொட்டே இல்லாமல். அதாவது, காட்டிலேயே பிறந்து வளர்ந்தவை!

மாதிரிப் பக்கங்களை நூலகத்தில் பிள்ளைகளுக்குக் காட்டியபோது, பொட்டில்லாத நத்தையைத் தேடும் பக்கத்தைத் திருப்பவே விடவில்லை. அந்தப் பொட்டு விரலுக்குத் தட்டுப்படும்படி மேடாக அச்சாக வேண்டும் என்பது எங்கள் ஆசை. செலவு கூடுவதும் அதனால்தான். ஆனாலும் அதை விட்டுக்கொடுக்க மனமில்லை.

பத்து வெள்ளியோ ஐம்பது வெள்ளியோ, முடிந்ததைக் கொடுங்கள். பொருளாளரிடம் நேரில் தரலாம். பேநவ் விவரமும் அவரிடமே கிடைக்கும். ரசீது உண்டு. பணம் முழுவதும் இங்கேயே அச்சுக்கும் தாளுக்கும் போகும். வரவுசெலவுக் கணக்கை எல்லாருக்கும் அனுப்பிவைப்போம். புத்தகம் பாலர் பள்ளித் தமிழ் வகுப்புகளுக்கு இலவசம்.

ஏப்ரலில் தமிழ்மொழி விழா தொடங்கும்போது புத்தகம் பிள்ளைகள் கையில் இருக்க வேண்டும். அதற்கு பிப்ரவரி இறுதிக்குள் அச்சகத்துக்கு முன்பணம் கட்டியாக வேண்டும். பள்ளிகளுக்குப் புத்தகக் கட்டுகளைக் கொண்டுபோய்ச் சேர்க்க வாகனம் உள்ளவர்களும் தேவை, சொல்லுங்கள்.

படப்புத்தகக் குழுவினர்
சிங்கப்பூர்