உள்ளூராட்சி முறிகள் சட்டப்படி செல்லுமா என்பதை வெளியீட்டுக்கு முன்பே நீதிமன்றம் உறுதிசெய்ய வழிசெய்யுமாறு கோரும் மனு

செயலாளர் அவர்கள்,
பொது நிருவாக, மாகாண சபைகள் மற்றும் உள்ளூராட்சி அமைச்சு,
சுதந்திர சதுக்கம், கொழும்பு 07.

மதிப்புக்குரிய செயலாளர் அவர்களுக்கு,

உள்ளூராட்சிச் சபையொன்று முறி (பொதுமக்களிடம் கடன் திரட்ட விற்கும் கடன் பத்திரம்) விற்கும் முன்பே, அது வலிதானதா என்பதை நீதிமன்றம் ஒரே தடவையில் தீர்த்துவைக்கும் நடைமுறையைச் சட்டமாக்குமாறு, இத்துறையில் கொழும்பில் பணியாற்றும் சட்டத்தரணிகளும் கணக்காளர்களுமான நாங்கள் வேண்டுகிறோம்.

பணம் வடிகாலுக்கும் வீதிக்கும் செலவான பின் வழக்கு வந்தால் மீட்பதற்கு ஒன்றும் மிஞ்சாது. 1983 இல் அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலத்தில் இது நடந்தது. இரண்டு அணுமின் நிலையங்களுக்கான கடனைத் தீர்ப்பதாகக் கையொப்பமிட நகரங்களுக்கும் பொது மின்சபைகளுக்கும் அதிகாரமே இருக்கவில்லை என மாநில உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 225 கோடி டொலர் முறிகள் தவணை தவறின. லண்டனின் ஹமர்ஸ்மித் உள்ளூராட்சிச் சபை வங்கிகளுடன் செய்த வட்டி மாற்று ஒப்பந்தங்களை (வட்டிக் கொடுப்பனவுகளைப் பரிமாறும் ஒப்பந்தங்கள்), அப்போது பிரித்தானியாவின் உச்ச நீதிமன்றமாக இருந்த பிரபுக்கள் சபை 1991 இல் அதிகாரம் கடந்தவை எனத் தள்ளியது. பணத்தை மீட்கும் வழக்குகள் ஆண்டுக்கணக்கில் நீண்டன.

நம் நாட்டில் வழு ஒளிந்திருக்கும் இடம் பெரும்பாலும், கடன் வாங்க அமைச்சர் தரும் இசைவுக் கடிதம்தான். மாநகர சபைகள் கட்டளைச் சட்டம் (1947 இன் 29 ஆம் இலக்கம்) "அமைச்சர்" என்கிறது. மாகாண சபைகளுக்கு அதிகாரம் மாறியதை ஒட்டிய 1989 இன் 12 ஆம் இலக்கச் சட்டத்தின் பின் அது மாகாண அமைச்சரைக் குறிக்கலாம். மேல் மாகாண சபையின் பதவிக்காலமோ 2019 இல் முடிந்துவிட்டது. ஆளுநர் ஒப்பமிட்ட இசைவு போதுமா? மத்திய அமைச்சின் கடிதமும் தேவையா? 2023 மார்ச் முதல் 2025 மே தேர்தல் வரை ஏறக்குறைய எந்த உள்ளூராட்சிச் சபையும் இருக்கவில்லை. அக்காலத்தில் ஆணையாளரோ செயலாளரோ எடுத்த முடிவு "சபைத் தீர்மானம்" ஆகுமா என்ற கேள்வியும் திறந்தே கிடக்கிறது.

அடுத்தது சபைக் கூட்டத்தின் அறிக்கை. "ஏகமனதாக நிறைவேறியது" என்ற ஒற்றை வரியை வைத்துக்கொண்டு கூட்டநடப்பெண் (கூட்டம் செல்லுபடியாகத் தேவையான குறைந்தபட்ச உறுப்பினர் எண்ணிக்கை) இருந்ததை எந்தச் சட்டத்தரணியாலும் நிரூபிக்க முடியாது. வருகை தந்தோர் பெயர், வாக்கு, கடன்தொகை, நோக்கம், தவணை, எந்த வருமானத்திலிருந்து தீர்ப்பது (சோலைவரியா, கடை வாடகையா) ஆகியன தீர்மானத்திலேயே இருக்க வேண்டும். தீர்மானத்தில் ஒரு தொகையும் வர்த்தமானியில் வேறொரு தொகையும் இருந்தால், அதுவே வழக்குக்குப் போதும்.

சபையின் முடிவை இரத்துச் செய்யக் கோரும் எழுத்தாணை மனுவுக்குத் திட்டமான காலக்கெடு இல்லாததால், முறி வாங்கியவர் என்றும் அச்சத்தில் இருக்கிறார். அம்மனுவை விசாரிப்பது மேன்முறையீட்டு நீதிமன்றமா, மாகாண மேல் நீதிமன்றமா என்ற வாதத்திலேயே மாதங்கள் கழிகின்றன.

ஆகவே, தீர்மானத்தின் உறுதிப்படுத்திய பிரதி, இசைவுக் கடிதம், கணக்காய்வு செய்த மூன்றாண்டுக் கணக்குகள் ஆகியவற்றுடன் சபை மேன்முறையீட்டு நீதிமன்றத்தை நாடட்டும். வர்த்தமானியிலும் மும்மொழி நாளிதழ்களிலும் அறிவித்தல் வெளிவர வேண்டும். ஆட்சேபத்துக்கு 60 நாட்கள் போதும். கலிபோர்னியாவில் இத்தகைய வழக்குக்கு விதித்திருக்கும் காலமும் அதுவே. சோலைவரி செலுத்தும் எவரும் கட்டணமின்றி ஆட்சேபிக்கும் உரிமையை நாங்கள் விட்டுக்கொடுக்கச் சொல்லவில்லை. அதில்லாமல் இந்நடைமுறை வெறும் முத்திரையாகிவிடும். நீதிமன்றக் கட்டளை கிடைத்தபின் அதன் இலக்கம் முறியின் முகப்பிலேயே அச்சிடப்பட வேண்டும். அதன்பின் நன்னம்பிக்கையுடன் வாங்கியவருக்கு எதிராக வலிதுடைமை வழக்கு செல்லலாகாது. பிரித்தானியாவும் 1997 இல் உள்ளூராட்சி ஒப்பந்தங்களின் வலிதுடைமையைக் காக்க, சபையே வழங்கும் சான்றிதழ் முறையைக் கொண்டுவந்தது.

நகர சபைகள் கட்டளைச் சட்டத்துக்கும் 1987 இன் பிரதேச சபைகள் சட்டத்துக்கும் இதே திருத்தம் வேண்டும். அதற்கான வரைவைச் சட்டவரைஞர் திணைக்களத்துக்கு அனுப்புமாறும், அதற்கு முன் எங்களை நேரில் அழைத்துக் கேட்குமாறும் பணிவுடன் கோருகிறோம்.

இங்ஙனம்,
கீழே ஒப்பமிடும் சட்டத்தரணிகள், கணக்காளர்கள்
கொழும்பு